முகம் தெரியாது என்றார்

உட்காரம்மா கயல்விழி. அந்த நாற்காலி வேண்டாம், அதன் கால் ஆடும். இப்படிக் கட்டிலில் உட்கார். அவர் வீட்டில் இல்லை. சனிக்கிழமை விழாவுக்காக முடி வெட்டிக்கொள்ளப் போயிருக்கிறார். அவர் இல்லாத நேரமாகப் பார்த்துத்தான் உன்னை வரச் சொன்னேன். இதை வாயால் சொல்லவே கூச்சமாக இருக்கிறது. கல்யாணமாகி இத்தனை வருஷத்தில் அவருக்குத் தெரியாமல் ஒரு ஆளை நான் வீட்டுக்குக் கூப்பிட்டதே இல்லை.

முதலில் அந்தப் போனைக் கவிழ்த்து வை. போன வாரம் அவர் பேசப் பேச அது எல்லாவற்றையும் பதிவு செய்துகொண்டிருந்ததாம். எனக்குப் பிறகுதான் தெரிந்தது. நான் பேசுவது ஒன்றும் பதிவாக வேண்டாம். பதிவானது போதும்.

சுற்றி வளைக்காமல் கேட்டுவிடுகிறேன். விழாவில் போடப்போகிற அவர் படத்தில் கோட்டைச் சண்டை முடிகிற இடத்தில், கம்பை வைத்துக்கொண்டு அந்தப் பெண் திரும்பிப் பார்க்கிறாளே, அதை மட்டும் நீ வெட்டிவிட வேண்டும். இரண்டு விநாடிகூட இல்லை என்று நீதானே சொன்னாய். பழைய படத்தைச் சுத்தம் செய்து கொடுக்கிறவர்கள் நீங்கள். எத்தனையோ கீறல், எத்தனையோ அழுக்கு எடுக்கிறீர்கள். அதில் இதுவும் ஒன்று என்று நினைத்துக்கொள். அவருக்குத் தெரிய வேண்டாம்.

ஆமாம், அது நான்தான். போன வாரம் நீ கம்ப்யூட்டரைத் திருப்பிக் காட்டி, "அம்மா, இது நீங்கதானே?" என்று கேட்டபோது இல்லை என்று சொல்லிவிட்டு டீ டம்ளரோடு அடுப்படிக்குள் போய்விட்டேன். பொய். அதற்காக அன்று இரவே மாதாவிடம் மன்னிப்புக் கேட்டுவிட்டேன். உன்னிடமும் கேட்டுக்கொள்கிறேன்.

நீ சின்னப் பெண். என்ன இதிலே வெட்கப்பட, என்று நினைப்பாய். யார் யார் வருகிறார்கள் தெரியுமா சனிக்கிழமை? என் மூத்த மகன் அருளப்பன் சாமியாராக இருக்கிறான். குருப்பட்டம் வாங்கிப் பதினெட்டு வருஷமாகிறது. அவன் வருகிறான். மகள் பிலோமினா கோயம்புத்தூரிலிருந்து மாமனார் மாமியாரைக் கூட்டிக்கொண்டு வருகிறாள். அது போதாதென்று இவர் பங்குச் சாமியாரிடம் போய் ஒரு அழைப்பிதழ் கொடுத்துவிட்டார். அவர் ஞாயிறு பூசை முடிந்து, "நம் பங்கைச் சேர்ந்த கேமரா கலைஞர் சவரிராயன் அவர்களுக்குப் பாராட்டு விழா, அனைவரும் திரளாக வர வேண்டும்" என்று மைக்கில் அறிவித்துவிட்டார். மரியாயின் சேனை ஜெபக் குழுப் பெண்கள் மொத்தமும் வேன் வைத்து வருகிறார்கள். நான்தான் அதற்குத் தலைவி. ரோஸ்மேரி டீச்சர் என் கையைப் பிடித்துக்கொண்டு, "சினிமா தியேட்டர் படியே மிதிக்காத அமலோற்பவம் வீட்டில் இப்படி ஒரு கலைஞரா!" என்றார். தியேட்டர் படி மிதிக்காதது உண்மைதானே? நான் பொய் சொல்லவில்லை. படம் பார்த்ததே இல்லை. படத்திற்குள் இருக்கிறேன் என்று யார் கண்டது?

அதுவும் படத்தின் பெயரைப் பார். கம்பெடுத்த கன்னி. பங்குச் சாமியார் அந்தப் பெயரை வாசிக்கும்போது நான் முக்காட்டை இழுத்து விட்டுக்கொண்டேன்.

அவர் தொழிலைப் பற்றி நான் குறை சொல்லவில்லை. அந்தத் தொழில்தான் சோறு போட்டது. கதை எடுக்கிற கேமராமேன் வேறு ஆளாக இருப்பார். சண்டை என்றால் இவரைக் கூப்பிடுவார்கள். முதலில் வாள், சிலம்பம். பிறகு கராத்தே வந்தது. "ஊ, ஆ" என்று கத்திக்கொண்டு கூரை ஓட்டை உடைப்பார்கள், செங்கலை உடைப்பார்கள். எல்லாம் இவர் எடுத்ததுதான். ஆனால் எனக்குப் பிடிக்கவில்லை. ஒருத்தரை ஒருத்தர் அடிப்பதைக் காட்டிச் சம்பாதிப்பது என்ன சம்பாத்தியம்? பிள்ளைகளை அந்தக் காற்றே படாமல் வளர்த்தேன். பள்ளிக்கூடத்தில் அப்பா என்ன வேலை என்று கேட்டால், "லைட்டு, கேமரா எல்லாம் ரிப்பேர் பண்றாங்க" என்று சொல்லச் சொல்லிக் கொடுத்திருந்தேன். ஒரு பிள்ளைகூட அவர் படம் ஒன்றையும் பார்த்ததில்லை. அப்படி வளர்த்தேன். இல்லாவிட்டால் ஒருத்தன் குருவானவராக ஆகியிருப்பானா?

ஒருநாள் நான் ஜெபக் கூட்டம் முடிந்து வருகிறேன். இதே கூடத்தில் பிலோமினாவையும் அருளப்பனையும் எதிர் எதிரே நிறுத்தி வைத்திருக்கிறார். இவர் தரையில் ஒரு கண்ணை மூடிக்கொண்டு படுத்திருக்கிறார். இரண்டு கை விரலையும் சட்டம் மாதிரி கோர்த்து அதற்குள் பார்த்துக்கொண்டு, "அக்கா, இப்போ அறை. கன்னத்துல படக் கூடாது, காத்துல அறை. தம்பி, தலையை வெடுக்குன்னு திருப்பு. அடடா! வாங்கிட்டான்டா என் மகன்!" என்கிறார். பிள்ளைகள் விழுந்து விழுந்து சிரிக்கிறார்கள். எனக்கு வந்ததே கோபம். பிள்ளைகளை உள்ளே போகச் சொல்லிவிட்டு, "இந்த அடிதடியை வாசலோட விட்டுட்டு வாங்க. வீட்டுக்குள்ள வேண்டாம்" என்றேன். எழுந்து உட்கார்ந்து, "சரி அமலி" என்றார். அவ்வளவுதான். அதற்குப் பிறகு வீட்டில் தொழிலைப் பற்றி ஒரு பேச்சு கிடையாது. சொன்னால் கேட்டுக்கொள்கிற மனுஷர். அந்த விஷயத்தில் நான் கொடுத்து வைத்தவள்.

ஹாங்காங்கிலிருந்து ஒரு கம்பெனி கூப்பிட்டதே, அப்போதும் அப்படித்தான். இங்கே வந்த சீனக்கார மாஸ்டர் ஒருவர் இவர் எடுத்ததைப் பார்த்துவிட்டு, அங்கே வந்து ஒரு வருஷம் வேலை செய் என்றாராம். நான் ஒன்றும் பேசவில்லை. ஒன்பது நாள் நோன்பு இருந்தேன். ஏழாம் நாளே, "போகல அமலி, நீ சாப்பிடு" என்று சொல்லிவிட்டார். மாதா கேட்டதைக் கொடுத்தாள். உன்னிடம் இதையெல்லாம் அவர் சொன்னாரா? சொல்லவில்லையா? சொல்லியிருக்க மாட்டார்.

சரி, விஷயத்துக்கு வருகிறேன். நான் எப்படி அதற்குள் போனேன் என்று கேட்பாயே.

கஞ்சி காய்ச்சப் போனேன். சத்தியமாக அதற்குத்தான். அப்போது அவருக்கு வயிற்றில் புண். வெளிச்சாப்பாடு ஆகாது. செஞ்சிக் கோட்டையில் ஷூட்டிங். சித்திரை வெயில். பிள்ளைகளை அக்கா வீட்டில் விட்டுவிட்டுக் கூடப் போனேன். மலையடிவாரத்தில் யூனிட்டுச் சமையல்காரர்கள் பக்கத்தில் ஒரு அடுப்பு வாங்கிக்கொண்டு கஞ்சி வைத்து, தூக்குவாளியில் ஊற்றி மேலே கொண்டு போவேன். கொடுத்துவிட்டு, ஒரு புளியமரத்தடியில் உட்கார்ந்து ஜெபமாலை சொல்லிக்கொண்டிருப்பேன். சண்டைப் பக்கம் திரும்பிக்கூடப் பார்க்க மாட்டேன்.

கதாநாயகிக்குக் கம்பைச் சரியாகப் பிடிக்கக்கூட வராது. அது அவள் தப்பில்லை. முகம் தெரிகிற ஷாட்டை எல்லாம் எடுத்துவிட்டு அனுப்பிவிட்டார்கள். சுற்றுகிறது, பாய்கிறது, அடிக்கிறது எல்லாம் டூப்தான். விஜயவாடாவிலிருந்து ஒரு பெண் வந்திருந்தாள், முன்பு சர்க்கஸில் இருந்தவள். பாவம், அந்த வெயிலில் சுருண்டு விழுந்து காய்ச்சலாகப் படுத்துவிட்டாள். அன்றோடு கோட்டையில் அனுமதி முடிகிறது. டைரக்டர் தலையில் கை வைத்துக்கொண்டு உட்கார்ந்துவிட்டார். சண்டை மாஸ்டர் கோதண்டம் என்று ஒருவர், கரகரவென்று பேசுவார், ஒல்லியான ஒரு பையனுக்கு விக் வைத்து நிறுத்தலாம் என்றார்.

இவர் கேமராவுக்குள் பார்த்துவிட்டு, "வேண்டாம் மாஸ்டர். பின்னாலிருந்து வெளிச்சம் வருது. தோள் காட்டிக் கொடுத்துடும்" என்றார்.

நான் அப்போதுதான் தூக்குவாளியோடு மேலே ஏறி வந்து நிற்கிறேன். மூச்சு வாங்குகிறது. மாஸ்டர் என்னைப் பார்க்கிறார்.

"ராயன் சார், அம்மா என்ன உயரம்?"

"தெரியலையே மாஸ்டர்."

"நல்லா இருக்கு. ஹீரோயின் உயரத்தை அங்குலத்தோட சொல்றீங்க, பொண்டாட்டி உயரம் தெரியாதாக்கும்!"

எல்லாரும் சிரித்துவிட்டார்கள். எனக்குக் காது வரைக்கும் சூடாகிவிட்டது. "ஏம்மா, உலக்கை பிடிச்சிருக்கீங்களா?" என்கிறார் மாஸ்டர். "பிடிக்காம எப்படி?" என்றேன். நான் பாட்டுக்குப் பதில் சொல்லிவிட்டேன். "அப்போ பாதி வித்தை கையில இருக்கு" என்றார்.

முடியவே முடியாது என்றுதான் சொன்னேன். அழுதேன்கூட. இவர் என்னைத் தனியாகப் பாறைப் பக்கம் கூட்டிக்கொண்டு போய்ச் சொன்னார்: "அமலி, உன் முகம் தெரியாது. முதுகு மட்டும்தான். டூப் முகம் தெரிஞ்சா கேமராமேன் வேலையை விட்டுட்டுப் போயிடலாம். இத்தனை படத்துல ஒருத்தர் முகத்தையும் நான் விட்டதில்ல. உன் முகத்தை விடுவேனா?"

முகம் தெரியாது என்றார். அந்த வார்த்தையை நம்பித்தான் இறங்கினேன். இதை நீ மறந்துவிடக் கூடாது.

கால்சட்டை மாதிரி ஒன்று, மேலே இடுப்புக் கச்சை, தலையில் நீளப் பின்னல். கழுத்தில் கயிற்றோடு கிடந்த மாதா படம் போட்ட உத்தரியத்தை மட்டும் கழற்ற மாட்டேன் என்றேன். மாஸ்டர் அதைக் கச்சைக்குள் செருகி முடிச்சுப் போட்டார். "நீ வேகமா சுத்த வேண்டாம். தண்ணிக்குள்ள நின்னு சுத்துற மாதிரி நிதானமா சுத்து. வேகத்தை நான் போட்டுக்கறேன்" என்றார் இவர். கேமராவை மெதுவாக ஓட்டினால் படத்தில் ஆள் வேகமாகத் தெரிவாராம். அது எப்படி என்று இன்றுவரை எனக்கு விளங்கவில்லை. கம்பு அடியாள் முகத்துக்கு ஒரு முழம் தள்ளித்தான் போகும். கேமரா நிற்கிற இடத்திலிருந்து பார்த்தால் தாடையில் இறங்கின மாதிரி இருக்கும். அந்த இடத்தைக் கண்டுபிடிப்பதற்காக வெயிலில் பாறையில் படுத்துப் படுத்து எழுந்தார். முழங்கையெல்லாம் சிராய்ப்பு. புண் வயிற்றோடு.

மாஸ்டர் "ஒண்ணு, ரெண்டு, மூணு" என்று கைதட்டி எண்ணிக் காட்டினார். எனக்கு மூன்றுக்கு மேல் தப்பிப் போகிறது. கால் ஒரு பக்கம், கை ஒரு பக்கம். அப்போது நான் ஒரு காரியம் செய்தேன். மாதா மன்னிக்கட்டும். எனக்குப் பழகின தாளம் ஜெபமாலையில் சொல்கிற மங்கள வார்த்தை ஜெபம்தான். மனசுக்குள் அதைச் சொல்லிக்கொண்டு, நிறுத்துகிற இடத்தில் எல்லாம் கம்பை வீசினேன். சரியாக வந்துவிட்டது! மாஸ்டரே எண்ணுவதை நிறுத்திவிட்டு வாயைப் பிளந்துகொண்டு பார்த்தார்.

எட்டுப் பேர் என்று போன வாரம் உன் குறிப்பை வாசித்தாயே, அது தப்பு. ஒன்பது பேர். ஒருத்தன் தூணுக்குப் பின்னாலிருந்து வருவான், அவனைத் திரும்பாமலே கம்பின் பின்முனையால் குத்த வேண்டும். அதுதான் கஷ்டம். மூன்றாவது ஆள் கொஞ்சம் தாமதமாக விழுவான், பார்த்திருப்பாய். அது அவன் தப்பு. நான் சரியாகத்தான் வீசினேன். கடைசி ஆள் படியிலிருந்து உருண்டு விழுந்ததும் நான் கம்பைத் தோளில் சாய்த்துக்கொண்டு அப்படியே நடந்து போய்விட வேண்டும். முதுகு காட்டிக்கொண்டு. திரும்பக் கூடாது.

திரும்பிவிட்டேன்.

ஏன் திரும்பினாய் என்று கேட்கிறாயா? அருளப்பன் கேட்டால் என்ன சொல்வது என்று அதைத்தான் நானும் யோசித்துக்கொண்டிருக்கிறேன். ஈ கடித்தது, யாரோ கூப்பிட்டார்கள், இப்படி ஏதாவது. உன்னிடம் சொல்கிறேன். ஒன்பது பேரும் விழுந்து கிடக்கிறார்கள். ஒரு இடத்திலும் நான் பிசகவில்லை. எனக்கு உடம்பெல்லாம் ஒரு... எப்படிச் சொல்ல? அந்த மாதிரி எனக்கு முன்னாலும் இருந்ததில்லை, பின்னாலும் இருந்ததில்லை. பார்த்தீங்களா, என்று இவரிடம் காட்ட வேண்டும் போல இருந்தது. திரும்பி இவரைப் பார்த்துச் சிரித்துவிட்டேன். அடித்துப் போட்ட ஆட்களுக்கு நடுவே நின்றுகொண்டு, பல் அத்தனையும் தெரிய. ஒரு தாய் சிரிக்கிற சிரிப்பா அது? நீயே பார்த்தாயே. போன வாரம் அதைக் கண்டதிலிருந்து எனக்குச் சாப்பாடு இறங்கவில்லை.

டைரக்டர் கத்தினார்: "யாரு திரும்பச் சொன்னது? ராயன், முகம் விழுந்துடுச்சா?" வெளிச்சமும் போய்விட்டது. இன்னொரு தரம் எடுக்க வழியில்லை. இவர் கேமராவிலிருந்து கண்ணை எடுக்காமலே, "விழல சார். ஃப்ரேமுக்கு வெளிய போயிடுச்சு" என்றார். எனக்கு உயிர் வந்தது.

ஊருக்கு வந்ததும் முதல் வேலையாகப் பாவசங்கீர்த்தனம் செய்தேன். அப்போதிருந்த சாமியார் வயசானவர்.

"சாமி, ஆளுங்களை அடிச்சேன்."

"எத்தனை பேரை மகளே?"

"ஒன்பது பேரை சாமி."

கூண்டுக்குள் நாற்காலி கிரீச்சென்று நகர்ந்தது. "காயம் பட்டுதா?" என்றார்.

"படல சாமி. கம்பு ஒரு முழம் தள்ளித்தான் போச்சு. கேமராவுல மட்டும் பட்ட மாதிரி இருக்கும்."

இருமுகிற மாதிரி ஒரு சத்தம் கேட்டது. சிரித்தாரோ என்னவோ. மூன்று மங்கள வார்த்தை ஜெபம் சொல்லச் சொன்னார். அதையல்லவா சொல்ல முடியவில்லை! முழங்காலில் நின்று சொல்ல ஆரம்பித்தால் கை தானாக அசைகிறது. பக்கத்தில் இருந்தவள் என்னை ஒரு மாதிரியாகப் பார்த்தாள்.

அதோடு முடிந்தது என்று இருந்தேன். முகம் விழவில்லை, யாருக்கும் தெரியாது, கடவுளுக்கு மட்டும் தெரியும், அவர் மன்னித்துவிட்டார் என்று இருந்தேன். போன வாரம் நீ கம்ப்யூட்டரைத் திருப்பினாய்.

நீ போன பிறகு கேட்டேன். "முகம் விழலன்னு சொன்னீங்களே?"

"விழுந்துச்சு. வேற ஷாட் இல்லாததால படத்துலயும் அப்படியே விட்டுட்டாங்க."

"அப்போ என்கிட்ட பொய் சொன்னீங்களா?"

"டைரக்டர்கிட்ட சொன்னேன். நீ பக்கத்துல நின்ன, உனக்கும் கேட்டுடுச்சு."

எப்படிப் பேசுகிறார் பார். "அதை வெட்டச் சொல்லுங்க" என்றேன். "முடியாது" என்றார். இத்தனை வருஷத்தில் அந்த வார்த்தையை அவர் வாயிலிருந்து நான் கேட்டதில்லை. "அது என்னுது அமலி" என்றார். "முகம் என்னுதுங்க" என்றேன். எழுந்து பால்கனிக்குப் போய்விட்டார். அன்றிலிருந்து பேச்சு வார்த்தை இல்லை. தட்டை வைத்தால் சாப்பிடுகிறார். நானும் கூப்பிடுவதில்லை. பேசாமல் இருப்பது ஒன்றும் பெரிதில்லை. சனிக்கிழமை அந்த இருட்டில் என் மகன் பக்கத்தில் உட்கார்ந்திருக்க, திரையில் அவ்வளவு பெரிசாக என் முகம் திரும்பினால் நான் எங்கே போய் ஒளிவேன்?

அதனால்தான் கேட்கிறேன். செய்வாயா? முடியுமா, முடியாதா? ஏன் தலையைக் குனிந்துகொண்டிருக்கிறாய்? டீ ஆறிவிட்டதா?

என்ன? அந்த இடத்தில் படம் ரொம்பக் கெட்டுப் போயிருந்ததா? பூஞ்சை பிடித்ததா? அப்படியானால் நல்லதாகப் போயிற்று. கெட்டுப் போனதை எடுத்துவிட்டோம் என்று சொல்லிவிடலாமே.

நீங்களும் அதைத்தான் கேட்டீர்களா? இவரிடமா? எடுத்துவிடலாமா என்று?

என்ன சொன்னார்?

சத்தமாகச் சொல்லம்மா, எனக்கு இந்தக் காது கொஞ்சம் மந்தம்.

"மத்ததெல்லாம் எப்படி இருந்தாலும் பரவால்ல, இதை மட்டும் சரி பண்ணிக் கொடுங்க. என் வீட்டுலேர்ந்து என் படத்துக்குள்ள வந்தது இது ஒண்ணுதான்."

அவரே சொன்னாரா? இதே வார்த்தையா?

அப்படி ஒன்றும் இல்லை. பிள்ளைகள் எல்லாம் சின்னப் பிள்ளைகள், படிக்கிற வயசு. நான் அவர்கள் நல்லதுக்குத்தான்... அவரும் ஒருநாள்கூடக் கூப்பிடவில்லையே. வாங்க, வந்து பாருங்க, என்று ஒரு வார்த்தை... 

கூப்பிட்டார். ஒருதரம் அருளப்பனுக்குப் பத்து வயசு இருக்கும்போது டிக்கெட் வாங்கி வந்தார். ஐந்து டிக்கெட். அன்று மாதத்தின் முதல் வெள்ளி, கோயிலுக்குப் போக வேண்டும் என்று சொல்லிவிட்டேன். தனியாகத்தான் போய்விட்டு வந்தார். அந்த மற்ற நாலு டிக்கெட்டை என்ன செய்தார் என்று நான் கேட்கவே இல்லை.

ஒன்பது நாள் நோன்பு என்று உன்னிடம் பெருமையாகச் சொன்னேனே, சற்று முன்னால். மாதா கொடுத்தாள் என்று. ஐயோ, அதை ஏன் நீ பேசாமல் கேட்டுக்கொண்டிருந்தாய்?

சின்னப் பெண் உன் முகத்தையே பார்க்க முடியவில்லை எனக்கு. அவர் எதிரே எப்படி நிற்பேன்?

இரு. படியில் சத்தம் கேட்கிறது. அவர் இருமல்தான். நீ எழுந்திருக்காதே. இல்லை இல்லை, பின்படி வழியாக எல்லாம் போக வேண்டாம், நீ என்ன திருடியா? உட்கார். நான் கதவைத் திறக்கிறேன்.

"வாங்க. செருப்பை அங்கேயே விடுங்க. இந்தப் பொண்ணை நான்தான் வரச் சொன்னேன், உங்களுக்குத் தெரியாம. எதுக்குன்னு கேட்காதீங்க. இல்லைங்க. கேளுங்க. நின்னுக்கிட்டே இருக்காம உட்கார்ந்து கேளுங்க. சொல்லிடறேன்."